கிரவுன் காரைப் பார்க்காமலே போன கீச்சிரோ டொயோடா: யார் இவர்?

1955 ஜனவரி 1. ஊரே புத்தாண்டு கொண்டாடிக்கொண்டிருக்க, ஜப்பானின் கொரோமோ ஊரில் இருந்த டொயோட்டா தொழிற்சாலையில் மட்டும் வேறொரு விழா. விழா உடையில் இருந்த எய்ஜி டொயோடா ஒரு புது காரை ஓட்டிக்கொண்டு அசெம்பிளி லைனிலிருந்து வெளியே வருகிறார். அந்தக் காரின் பெயர் டொயோபெட் கிரவுன்.

அப்போது மற்ற ஜப்பான் கம்பெனிகள் பல வெளிநாட்டு கார்களை உரிமம் வாங்கி அசெம்பிள் செய்துகொண்டிருந்தன. நிசானுக்கு பிரிட்டனின் ஆஸ்டின், இசுஸுவுக்கு ஹில்மன், ஹினோவுக்கு பிரான்ஸின் ரெனோ. டொயோட்டா அப்படி யாரோடும் ஒப்பந்தம் போடாமல், எஞ்சின் முதல் பாடி வரை தானே செய்த கார்தான் கிரவுன். பிற்பாடு டாக்ஸியாக, போலீஸ் காராக, அதிகாரிகளும் கம்பெனி முதலாளிகளும் பின் சீட்டில் உட்கார்ந்து போகும் காராக, ஜப்பானின் அடையாளமாகவே மாறிய செடான் இது.

அந்த விழாவில் முதல் வரிசையில் நின்றிருக்க வேண்டிய ஒருவர் அங்கே இல்லை. எய்ஜியின் பெரியப்பா மகன், கம்பெனியைத் தொடங்கிய கீச்சிரோ டொயோடா. ஐந்து வருடங்களுக்கு முன்பே தலைவர் பதவியை விட்டு வெளியேறியவர். கிரவுன் வருவதற்கு மூன்று வருடம் இருக்கும்போதே, 57 வயதில் இறந்துபோனவர்.

லாரி விற்றே காசு பார்த்திருக்கலாம். அவர் ஏன் செடான், செடான் என்று பிடிவாதமாக நின்றார்?

தறியில் தொடங்கிய கதை

கீச்சிரோ பிறந்தது 1894 ஜூன் 11-ல், ஷிசுவோகா மாகாணத்தில். அப்பா சகிச்சி டொயோடா தச்சர் மகன். தறி, தறி, தறி... அதைத் தவிர வேறு சிந்தனையே இல்லாத மனிதர். கணவர் எந்நேரமும் கண்டுபிடிப்பிலேயே மூழ்கிக் கிடக்க, கீச்சிரோ பிறந்த கொஞ்ச நாளில் அம்மா வீட்டை விட்டுப் போய்விட்டார். குழந்தையை வளர்த்தது தாத்தாவும் பாட்டியும்தான்.

டோக்கியோ இம்பீரியல் பல்கலைக்கழகத்தில் மெக்கானிக்கல் என்ஜினீயரிங் முடித்து, 1921-ல் அப்பாவின் நெசவு ஆலையில் சேர்ந்தார். அடுத்த சில வருடங்களில் அப்பாவும் மகனும் சேர்ந்து முடித்த மெஷின்தான், 1924-ல் வந்த ‘டைப் ஜி’ தானியங்கித் தறி. ஈரோடு, கோவை பக்கம் வளர்ந்தவர்களுக்கு இதன் அருமை உடனே புரியும். பாவு நூலுக்குக் குறுக்கே ஓடுகிற நாடாவில் ஊடை நூல் தீர்ந்துவிட்டால், தறியை நிறுத்தித்தான் நாடாவை மாற்ற வேண்டும். டைப் ஜி ஓடிக்கொண்டிருக்கும்போதே நாடாவைத் தானே மாற்றிக்கொண்டது. நூல் அறுந்தால் தானே நின்றது. ஒரே ஆள் பல தறிகளைப் பார்த்துக்கொள்ளலாம். தப்பு நடந்த இடத்திலேயே மெஷின் நிற்க வேண்டும் என்கிற இந்த ஐடியா பிற்காலத்தில் டொயோட்டாவின் கார் லைனுக்கும் அப்படியே போனது.

1922 வாக்கில் கீச்சிரோ இங்கிலாந்தின் ஓல்டம் நகரில் பிளாட் பிரதர்ஸ் ஆலையில் தறி செய்வதைப் பார்த்துக் கற்றுக்கொண்டார். ஜவுளி இயந்திர உலகில் அன்றைய பெரிய பெயர் அது. 1929 டிசம்பரில் அதே பிளாட் பிரதர்ஸ், டைப் ஜி காப்புரிமைக்காக 1 லட்சம் பவுண்ட் தர ஒப்பந்தம் போட்டது. மாணவனாகப் போன இடத்தில் ஆசிரியராகத் திரும்பி வந்தார் என்று சொல்லலாம்.

கார் பக்கம் திரும்பியது எப்படி?

1923 செப்டம்பர் 1-ல் பெரும் நிலநடுக்கம் டோக்கியோவைத் தரைமட்டமாக்கியது. ரயில் ஓடவில்லை. அமெரிக்காவிலிருந்து ஃபோர்டு வண்டிகளை அவசரமாக இறக்கி பஸ்ஸாக ஓட்டினார்கள். ஜப்பானில் நல்ல மார்க்கெட் இருக்கிறது என்று ஃபோர்டுக்குப் புரிந்துவிட்டது. 1925-ல் யோகோஹாமாவில் அசெம்பிளி ஆலை போட்டது. 1927-ல் ஒசாகாவில் ஜெனரல் மோட்டார்ஸ் வந்தது. அமெரிக்காவிலிருந்து பாகங்களைப் பெட்டி பெட்டியாக இறக்கி, இங்கே முடுக்கி விற்கிற வேலை. அதன் விலையோடும் எண்ணிக்கையோடும் போட்டி போட உள்ளூரில் யாருக்கும் தைரியமில்லை. மிட்சுய், மிட்சுபிஷி மாதிரி பெரிய முதலாளிகளே ஒதுங்கி நின்ற இடம் அது.

தறிக் கம்பெனி நடத்துகிற ஒருவர் அதில் இறங்கினார். 1933 செப்டம்பரில் டொயோடா தானியங்கித் தறி ஆலைக்குள்ளேயே ஒரு கார் பிரிவு தொடங்கியது. கீச்சிரோவின் தங்கை கணவரும் கம்பெனித் தலைவருமான ரிசாபுரோவுக்கு இதில் பெரிய கவலை. அவர் கவலைப்பட்டதில் தப்பே இல்லை. தறியில் வந்த காசையெல்லாம் கார் விழுங்கிவிடும் என்று யாருக்குமே தோன்றியிருக்கும்.

ஒரு ஷெவர்லே காரை வாங்கி, ஆணி ஆணியாகக் கழற்றி, ஒவ்வொரு பாகத்தையும் அளந்தார்கள். இதுவரை ஈஸி. சிக்கல் வார்ப்பில் வந்தது. தறிக்கு இரும்பு வார்த்துப் பழகிய பட்டறைதான். ஆனால் எஞ்சினின் சிலிண்டர் பிளாக் வேறு ஜாதி. சுவர் மெல்லிசாக இருக்க வேண்டும். உள்ளே தண்ணீர் ஓட வளைந்து நெளிந்து வழி இருக்க வேண்டும். அந்த வழிகளுக்காக மணலில் செய்து உள்ளே வைக்கும் கரு உடைந்தாலோ நகர்ந்தாலோ மொத்த பிளாக்கும் குப்பைதான். அப்படிக் குப்பைக்குப் போனவை ஏராளம். 1934 செப்டம்பரில் முதல் ‘டைப் ஏ’ எஞ்சின் ஓடியபோது, பார்த்துச் செய்த ஷெவர்லே அளவுக்குக்கூட அதில் சக்தி இல்லை. சிலிண்டர் ஹெட்டை மறுபடி வடிவமைத்து அதைச் சரிசெய்தார்கள்.

1935 மே மாதம் ‘ஏ1’ என்ற முதல் செடான் மாதிரி தயாரானது. ஆனால் அரசுக்கும் ராணுவத்துக்கும் வேண்டியது லாரி. அதனால் அதே வருடம் நவம்பரில் முதலில் கடைக்கு வந்தது ‘ஜி1’ லாரி. அது நடு ரோட்டில் நின்றுகொண்டே இருந்தது. பின் ஆக்ஸில் உடைவது வாடிக்கை. எங்காவது வண்டி நின்றுவிட்டது என்று தகவல் வந்தால் கீச்சிரோவே கிளம்பிப் போவார். எது உடைந்தது, ஏன் உடைந்தது என்று பார்த்து வந்து டிசைனை மாற்றுவார்.

1936-ல் செடான் ‘ஏஏ’ என்ற பெயரில் விற்பனைக்கு வந்தது. 3,389 சிசி, ஆறு சிலிண்டர், 62 குதிரைத்திறன். உருவத்தில் அமெரிக்காவின் டிசோட்டோ ஏர்ஃபுளோ காரின் சாயல். 1943 வரை மொத்தமே 1,404 கார்கள்தான் தயாராயின. கம்பெனியை ஓட்டியது லாரி. கீச்சிரோ மனதில் ஓடியது செடான்.

பெயர் மாறிய கதை ஒன்று உண்டு. 1936-ல் லோகோ போட்டி வைத்ததில் சுமார் 27,000 பேர் அனுப்பியிருந்தார்கள். அதையொட்டி டொயோடா, டொயோட்டா ஆனது. ஜப்பானிய கதகானா எழுத்தில் டொயோட்டா என்று எழுத 8 கோடுகள் போதும். அங்கே 8 ராசியான எண். நியூமராலஜி பார்த்து இனிஷியல் சேர்க்கிற நம் ஊருக்கு இது ஒன்றும் புதுசில்லை. 1937 ஆகஸ்டில் டொயோட்டா மோட்டார் தனிக் கம்பெனியானது.

அடுத்த வருடம் நவம்பரில் கொரோமோ ஆலை திறந்தபோது, கீச்சிரோ இன்னொன்றைச் செய்யப் பார்த்தார். அன்றைக்கு என்ன தேவையோ அதை மட்டும் அன்றைக்குச் செய்வது, உதிரிபாகங்களைக் குடோனில் குவிக்காமல் இருப்பது. இன்று எம்பிஏ வகுப்புகளில் ஜஸ்ட் இன் டைம் என்று படிக்கிறார்களே, அதன் வேர் இங்கேதான். அது வேரூன்றுவதற்குள் போர் வந்து எல்லாவற்றையும் கலைத்துப் போட்டது.

213 கார்கள்

போர்க்காலம் முழுக்க ராணுவத்துக்கு லாரி. 1945 ஆகஸ்ட் 14-ல், அதாவது ஜப்பான் சரணடைவதற்கு முந்தின நாள், கொரோமோ ஆலை மீது குண்டு விழுந்தது. போர் முடிந்ததும் கார் செய்ய அனுமதி கிடைக்குமா என்பதே சந்தேகம். ஆயிரக்கணக்கான தொழிலாளர்களுக்குச் சோறு வேண்டும். கம்பெனி பாத்திரம் பண்டம் செய்தது. கீச்சிரோவின் மகன் ஷோய்ச்சிரோ வடகோடியில் வக்கனாய் வரை போய் மீன் பதப்படுத்தும் தொழிலைப் பார்த்தார். அந்த நிலைமையிலும் கீச்சிரோ ஊழியர்களிடம் வலியுறுத்தியது, மூன்றே வருடத்தில் அமெரிக்காவை எட்டிப் பிடிக்க வேண்டும் என்று. கேட்டவர்கள் என்ன நினைத்தார்களோ!

1947 ஜூனில் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் சின்ன கார்களுக்குக் கொஞ்சம் வழிவிட்டது. நாடு முழுக்கச் சேர்த்து வருடத்துக்கு 300 கார், 1,500 சிசிக்குள். அக்டோபரிலேயே டொயோட்டா ‘எஸ்ஏ’ காரைக் கொண்டுவந்துவிட்டது. 995 சிசி, 27 குதிரைத்திறன், நான்கு சக்கரத்துக்கும் தனித்தனி சஸ்பென்ஷன். அந்தக் காலத்துக்கு ரொம்பவே நவீனம். 1948-ல் நகோயாவிலிருந்து ஒசாகாவுக்கு எக்ஸ்பிரஸ் ரயிலோடு ரேஸ் விட்டு, 46 நிமிடம் முன்னதாகப் போய்ச் சேர்ந்தது.

ஆனால் வாங்க ஆளில்லை. சொந்தமாக கார் வாங்கும் நிலையில் அன்றைய ஜப்பானியர் யார் இருந்தார்? வாங்கக்கூடியவர்கள் டாக்ஸிக்காரர்கள் மட்டும்தான். இரண்டே கதவு உள்ள காரும், குண்டும் குழியுமான ரோட்டுக்கு நோஞ்சானாகத் தெரிந்த சஸ்பென்ஷனும் அவர்களுக்கு எதற்கு? விற்பனை 213-ல் நின்றது.

1950 ஜூன்

அப்புறம் வந்ததுதான் பெரிய அடி. 1949-ல் பணவீக்கத்தை அடக்க, அமெரிக்க வங்கியாளர் ஜோசப் டாட்ஜ் கொடுத்த திட்டத்தால் நாடு முழுக்கக் கடன் வறண்டது. லாரி விற்றாலும் பணம் வசூலாகவில்லை. சம்பளம் கொடுக்க முடியவில்லை. டிசம்பரில் கீச்சிரோ யூனியனோடு ஓர் ஒப்பந்தத்துக்கு வந்தார்: சம்பளத்தில் 10 சதவீதம் வெட்டு, பதிலுக்கு யாரையும் வேலையை விட்டு அனுப்ப மாட்டோம்.

அந்த வாக்கைக் காப்பாற்ற முடியவில்லை. ஜப்பான் வங்கியின் நகோயா கிளை முன்னின்று பல வங்கிகளைச் சேர்த்துக் கடன் வாங்கிக் கொடுத்தது, நிபந்தனைகளும் வந்தன. விற்பனைப் பிரிவைத் தனிக் கம்பெனியாகப் பிரிக்க வேண்டும், ஆட்களைக் குறைக்க வேண்டும். 1950 ஏப்ரலில் ஸ்டிரைக் வெடித்தது. 1,600 பேர் விருப்ப ஓய்வில் போக வேண்டும் என்று நிர்வாகம் சொன்னபோது டிசம்பர் ஒப்பந்தத்தை யூனியன் தூக்கிக் காட்டியது. நியாயம்தானே?

ஏற்கெனவே ரத்தக்கொதிப்பால் உடம்பு கெட்டிருந்த கீச்சிரோ, ஜூன் 5-ல் ராஜினாமாவை அறிவித்தார். ஜூன் 10-ல் ஸ்டிரைக் முடிந்தது. 2,146 பேர் வேலையை விட்டுப் போனார்கள். ஆட்களை அனுப்புகிற முதலாளி தானும் போக வேண்டும் என்ற முடிவை இன்று லே-ஆஃப் மெயில் வாங்கியவர்கள் படித்தால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன். அதற்காக அந்த 2,146 குடும்பங்களின் கணக்கு நேராகிவிடாது என்பதும் உண்மை.

அவர் ராஜினாமாவை அறிவித்த 20-வது நாள், ஜூன் 25-ல், கொரியப் போர் தொடங்கியது. ஜூலையிலேயே அமெரிக்க ராணுவம் டொயோட்டாவிடம் 1,000 லாரி கேட்டது. அடுத்தடுத்து ஆர்டர்கள் வந்து மொத்தம் 4,679 ஆனது. கம்பெனி பிழைத்துக்கொண்டது.

தறி ஆலையிலிருந்து வந்து தலைவரான தைசோ இஷிதா, நிலைமை சரியானதும் கீச்சிரோவைத் திரும்ப அழைத்தார். முதலில் மறுத்தவர் பிறகு ஒப்புக்கொண்டார். 1952 ஜூலையில் பதவியேற்பதாக இருந்தது. மார்ச் 27-ல் மூளையில் ரத்தக்கசிவு ஏற்பட்டு இறந்தார்.

கிரவுனில் என்ன இருந்தது?

அவர் இறப்பதற்கு இரண்டு மாதம் முன்பு, 1952 ஜனவரியில், கிரவுன் வேலை தொடங்கியிருந்தது. பொறுப்பு என்ஜினீயர் கென்யா நகமுரா. அதுவரை டொயோட்டாவின் கார்களில் பலவும் உள்ளுக்குள் லாரிதான். லாரி சேஸிஸ் மேல் வெளிக் கம்பெனி பாடி கட்டிக் கொடுக்கும். நகமுரா அதை விட்டுவிட்டு, காருக்கென்றே தாழ்வான ஃபிரேம் போட்டார். பாடியை டொயோட்டாவே அடித்தது. எஞ்சின் 1,453 சிசி, 48 குதிரைத்திறன். முன் சக்கரங்களுக்கு இரட்டை விஷ்போன், காயில் ஸ்பிரிங் கொண்ட தனித்தனி சஸ்பென்ஷன். பின்னால் பட்டை ஸ்பிரிங், அதிலும் மூன்றே பட்டைகள். பட்டை குறைந்தால் ஒன்றோடொன்று உரசுவது குறையும், பின் சீட்டுக்காரருக்குக் குலுங்காது. பின் கதவுகள் எதிர்ப்பக்கம் திறந்தன. கிமோனோ கட்டியவர் சிரமமில்லாமல் ஏறி இறங்க அது வசதி.

எஸ்ஏ சூடு கண்டிருந்ததால் கம்பெனி எச்சரிக்கையாகவும் இருந்தது. டாக்ஸிக்காரர்கள் இந்த முன் சஸ்பென்ஷனை நம்பாவிட்டால்? அதனால் முன்னும் பின்னும் பட்டை ஸ்பிரிங், பழைய பாணி ஆக்ஸிலோடு ‘மாஸ்டர்’ என்று இன்னொரு காரையும் கூடவே இறக்கினார்கள். டாக்ஸிக்காரர்கள் கிரவுனைத்தான் கேட்டார்கள். 1956-லேயே மாஸ்டர் நின்றுபோனது. அதே வருடம் அசாஹி ஷிம்புன் நாளிதழின் குழு லண்டனிலிருந்து டோக்கியோவுக்குச் சுமார் 50,000 கி.மீ. கிரவுனில் ஓட்டி வந்தது.

அமெரிக்காவில் மட்டும் கதை வேறு. 1957-ல் அங்கே போன கிரவுன், ஜப்பானின் கரடுமுரடு ரோட்டுக்காகச் செய்யப்பட்ட கார். கலிஃபோர்னியாவின் அதிவேக சாலைகளில் அதற்கு மூச்சு வாங்கியது. 1960-ல் டொயோட்டா அந்த ஏற்றுமதியை நிறுத்தியது. பிறகு வந்த தலைமுறைகள் மறுபடி போய், 1970-களின் தொடக்கத்தில் மொத்தமாக விடைபெற்றன.

அங்கே கிரவுன் திரும்பிப் போனது 16-வது தலைமுறையில். 2022 ஜூலையில் அதை அறிமுகம் செய்தவர் அப்போதைய தலைவர் அகியோ டொயோடா, கீச்சிரோவின் பேரன். அகியோ பிறந்தது 1956-ல். தாத்தாவை அவர் பார்த்ததே இல்லை. கிரவுன் அவரைவிட ஒரு வயது மூத்தது.