மாயூரம் வேதநாயகம் பிள்ளை

மாயூரம் வேதநாயகம் பிள்ளை (அக்டோபர் 11, 1826 - ஜூலை 21, 1889) தமிழின் முதல் புதினமான பிரதாப முதலியார் சரித்திரத்தை எழுதியவர். கவிஞர், முன்சீப். மேல் நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழில் தந்தவர் என்ற வகையில் நீதித்துறை வரலாற்றிலும் இவருக்கு இடம் உண்டு. அப்பணி இவரது புதினத்தின் அளவுக்கு நினைவுகூரப்படுவதில்லை.

இளமை

திருச்சிராப்பள்ளியை அடுத்த குளத்தூரில் சவரிமுத்துப் பிள்ளை, ஆரோக்கிய மரியம்மை ஆகியோருக்கு மகனாகப் பிறந்தார். தியாகராச பிள்ளையிடம் தமிழும் ஆங்கிலமும் பயின்றார். 1848 இல் திருச்சிராப்பள்ளி நீதிமன்றத்தில் ஆவணக் காப்பாளராகவும் 1850 இல் மொழிபெயர்ப்பாளராகவும் பணியேற்றார். 1857 இல் தரங்கம்பாடி முன்சீப் ஆனார். பின்னர் சீர்காழியிலும், 13 ஆண்டுகள் மாயூரத்திலும் அப்பதவியை வகித்தார்.

சித்தாந்த சங்கிரகம்

மாவட்ட முன்சீப் என்னும் பதவி சென்னை மாகாணத்தில் 1816 இல் ஏற்படுத்தப்பட்டது. நிலம், கடன், பாகப்பிரிவினை முதலிய உரிமையியல் வழக்குகள் மக்களிடமிருந்து முதலில் வந்து சேருமிடம் அது. சங்கரன்கோவில் போன்ற ஊர்களில் உள்ள மாவட்ட உரிமையியல் நீதிமன்றம் அதன் வழிவந்ததே. முன்சீப்பின் தீர்ப்பிலிருந்து மாவட்ட நீதிமன்றத்துக்கும், அங்கிருந்து சென்னையில் இருந்த சதர் நீதிமன்றத்துக்கும் மேல்முறையீடு செல்லும். சதர் நீதிமன்றத்தின் முடிவுகள் கீழ் நீதிமன்றங்களுக்கு வழிகாட்டி. ஆனால் அவை ஆங்கிலத்தில் இருந்தன. அவற்றை அறியாமல் அளிக்கப்படும் தீர்ப்பு மேல்முறையீட்டில் மாற்றப்படலாம். மறு விசாரணைக்காகத் திரும்பியும் வரலாம். அவ்வாறு திரும்பினால் வழக்காடுவோர் மீண்டும் தொடக்கத்திலிருந்து அலைய வேண்டியதுதான்.

வேதநாயகம் பிள்ளை 1805 முதல் 1861 வரையிலான சதர் நீதிமன்றத் தீர்ப்புகளைத் தமிழாக்கிச் சுருக்கமாகத் தொகுத்தார். சித்தாந்த சங்கிரகம் என்னும் அந்நூல் 1862 இல் வெளிவந்தது. ஆங்கிலம் அறியாத வழக்காடுவோரும் மேல் நீதிமன்றம் என்ன முடிவு செய்துள்ளது என்பதைத் தாமே படித்தறிய அது வழி செய்தது.

அதே 1862 இல் சதர் நீதிமன்றம் மறைந்து சென்னை உயர் நீதிமன்றம் தோன்றியது. 1861 ஆம் ஆண்டின் உயர் நீதிமன்றங்கள் சட்டம், 15 ஆம் பிரிவின்படி, கீழ் நீதிமன்றங்களிடம் கணக்கு விவரம் கேட்கவும், வழக்கை வேறு நீதிமன்றத்துக்கு மாற்றவும், நடைமுறை விதிகள் வகுக்கவும் அதற்கு அதிகாரம் அளித்தது. இந்திய அரசியலமைப்பின் 227 ஆவது பிரிவு இதன் தொடர்ச்சியாகும். எனினும் இத்தகைய மேற்பார்வை கடிதங்களாலும் பட்டியல்களாலும் நடப்பது; வழக்கு மன்றத்தின் மொழியை அது தானாக மாற்றிவிடாது. அக்குறையைத்தான் ஒரு கீழ் நீதிமன்ற அலுவலர் தம் சொந்த முயற்சியால் ஈடுசெய்ய முயன்றார்.

பிற்காலம்

கைக்கூலியைக் கடிந்து பாடல்கள் இயற்றிய இவர், மாவட்ட நீதிபதியோடு ஏற்பட்ட மனவேறுபாட்டாலும் உடல்நலக் குறைவாலும் பதவியிலிருந்து விலகினார். பின்னர் மாயூரம் நகராட்சித் தலைவராக இருந்தார். 1876-78 பஞ்சத்தில் கஞ்சித் தொட்டிகள் அமைத்துப் பசித்தோர்க்கு உணவளித்தார். 1879 இல் வெளிவந்த பிரதாப முதலியார் சரித்திரத்தில், தமிழர் வழக்கைத் தமிழர் முன்னிலையிலேயே ஆங்கிலத்தில் வாதிடும் வழக்கறிஞர்களைக் கடுமையாகச் சாடுகிறார்.