பட்டாவில் பெயர் இல்லாதவர்களுக்காக ஒரு கூட்டுறவு: துன் சம்பந்தனின் நிலப் பணி

பிரிக்பீல்ட்ஸ் வட்டாரத்தின் முதன்மைச் சாலை, துன் வீ.தி. சம்பந்தன் பெயரைத் தாங்கி நிற்கிறது. தீபாவளிக்குச் சேலை எடுக்கவும் பூமாலை வாங்கவும் கிள்ளானிலிருந்தும் காஜாங்கிலிருந்தும் வருபவர்கள் அந்தப் பெயர்ப்பலகையைக் கடந்துதான் போகிறார்கள். அவரை ம.இ.கா. தலைவராகவும் அமைச்சராகவும் பலருக்குத் தெரியும். நிலத்துக்காக அவர் செய்த பணி இளையோர் பலருக்குத் தெரியாது.

1919 ஜூன் 16ஆம் நாள் பேராக், சுங்கை சிப்புட்டில் பிறந்தவர் சம்பந்தன். தந்தை வீராசாமி அங்கு ரப்பர் தோட்டங்களுக்குச் சொந்தக்காரர். கோலகங்சார் கிளிஃபர்ட் பள்ளியில் படித்த சம்பந்தன், தமிழ்நாடு சென்று அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார். நாடு திரும்பி அரசியலில் இறங்கியவர் 1955இல் ம.இ.கா. தலைவரானார். அதே ஆண்டு தொழிலாளர் அமைச்சர் பொறுப்பும் வந்தது. பின்னர் சுகாதாரம், பொதுப்பணி, அஞ்சல், தேசிய ஒற்றுமை ஆகிய துறைகளையும் கவனித்தார்.

அந்தக் காலத்தில்தான் தோட்டத் துண்டாடல் தலைதூக்கியது. சுதந்திரம் நெருங்கிய வேளையில் வெள்ளைக்கார முதலாளிகள் பலர் தோட்டங்களை விற்றுவிட்டுக் கிளம்பினார்கள். வாங்கியவர்கள் அவற்றைக் கூறு போட்டுச் சிறு சிறு துண்டுகளாக விற்றார்கள். பேராசிரியர் உங்கு அசிஸ் 1951 முதல் 1960 வரை நடந்த துண்டாடல் குறித்துத் தனி ஆய்வே நடத்தும் அளவுக்கு இது பெருகியது.

விற்றவருக்கு விலை கிடைத்தது. இடைத்தரகருக்கு லாபம் கிடைத்தது. மூன்று தலைமுறை பால் வெட்டிய குடும்பத்துக்கு என்ன கிடைத்தது? தோட்டத்தில் வேலை போனால் லயத்து வீடும் போகும். பிள்ளைகளின் தமிழ்ப்பள்ளியும் கோயிலும் கேள்விக்குறியாகும். வேலை இழப்போருக்கு இழப்பீடு வழங்கும் விதிமுறைகளே 1980இல்தான் வந்தன.

அரசு தனியார் நிலத்தை எடுத்தாலும் இதே கதைதான். போதுமான இழப்பீடு இல்லாமல் யாருடைய சொத்தையும் கட்டாயமாக எடுக்க முடியாது என்று கூட்டரசு அரசியலமைப்பின் 13ஆவது பிரிவு காக்கிறது. 1960ஆம் ஆண்டு நிலக் கையகப்படுத்தல் சட்டம் அதற்கான விசாரணை முறையை வகுத்தது. ஆனால் நிலத்தின் விலை, பட்டாவில் பெயர் உள்ளவருக்குத்தான் போய்ச் சேரும். காட்டை அழித்து நட்டவரின் பெயர் பட்டாவில் இல்லை.

அந்தப் பெயரை எழுதிவிடுவதுதான் சம்பந்தன் கண்ட வழி. அதே 1960ஆம் ஆண்டில் தேசிய நிலநிதிக் கூட்டுறவு சங்கம் உருவானது. ஒரு பங்கு 100 வெள்ளி. அதைப் பத்துப் பத்து வெள்ளியாகத் தவணையில் கட்டலாம். தோட்டம் தோட்டமாகச் சென்று, தொழிலாளர்களிடம் நேரில் பேசி உறுப்பினர்களைச் சேர்த்தார். அன்றைய கூலிக்குப் பத்து வெள்ளி சிறிய தொகை அல்ல. கூலிக்காரன் தோட்டம் வாங்குவதாவது என்று ஏளனம் செய்யக்கூடிய காலம் அது. கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டம் சங்கத்தின் முதல் சொத்தானது. அடுத்தடுத்து மற்றத் தோட்டங்களும் சேர்ந்தன. பால் வெட்டியவர் பங்குதாரரானார்.

துண்டாடப்பட்ட எல்லாத் தோட்டங்களையும் சங்கத்தால் வாங்க முடியவில்லை. அவ்வளவு பணம் தொழிலாளர் கையில் ஏது? காப்பாற்றியதைவிட இழந்ததே அதிகம். ஆனாலும் வாங்கிய தோட்டங்களில் குடும்பங்கள் கலையவில்லை; வேலையும் வீடும் நிலைத்தன.

1973இல் கட்சித் தலைமையை விட்டு விலகிய பின்னரும் கூட்டுறவுப் பணி அவர் மனத்தை விட்டு அகலவில்லை. 1979 மே 18ஆம் நாள் அவர் காலமானார். கோலாலம்பூர், ஜாலான் சுல்தான் சுலைமானில் சங்கத்தின் கட்டடம் இன்றும் விஸ்மா துன் சம்பந்தன் என்றே அழைக்கப்படுகிறது.

அவர் மறைந்து ஏறத்தாழ பதினைந்து ஆண்டுகள் கழித்து, புத்ராஜெயாவுக்காகப் பிராங் பெசார் உள்ளிட்ட தோட்டங்கள் எடுக்கப்பட்டன. நிலம் நிறுவனத்துக்குச் சொந்தம். தொழிலாளர் குடும்பங்கள் டிங்கில், தாமான் பெர்மாத்தா அடுக்குமாடி வீடுகளுக்கு மாற்றப்பட்டன. தரைவீடு கேட்டு அவர்கள் நெடுங்காலம் போராட வேண்டியிருந்தது. கிள்ளான் பள்ளத்தாக்கில் நகரமாகிப்போன தோட்டங்கள் இன்னும் எத்தனையோ.

நிலம் கைமாறும் நாளில் பட்டாவில் யார் பெயர் இருக்கிறது என்பதே முடிவைத் தீர்மானிக்கிறது. தோட்ட முதலாளியின் மகனாகப் பிறந்த சம்பந்தன் அதை உணர்ந்து, பாட்டாளியின் பெயரையும் அங்கே சேர்க்க முயன்றார். அவர் பெயர் தாங்கிய சாலையில் நடப்பவர்கள் நினைவில் கொள்ள வேண்டியது அதுவே.