றமோனாவைப் படைத்த அம்மையார்

அமெரிக்காவின் மேற்கு எல்லைநிலத்தைக் களமாகக் கொண்டு எழுந்த காதல் நவீனங்கள் எண்ணிறந்தவை. குதிரைவீரனும் பண்ணைவீட்டுப் பெண்ணும் இன்னலுற்று, இறைநம்பிக்கையால் தேறி, ஈற்றில் ஒன்றுசேரும் கதைகள் அவை. பெரும்பாலானவை படித்த மாலையே மறந்துபோகத் தக்கவை என்பது என் எண்ணம். 1884ஆம் ஆண்டில் வெளிவந்த 'றமோனா'வும் அவ்வரிசையில் வைத்து எண்ணப்படுவதுண்டு. ஆயின் அதனை இயற்றிய ஹெலன் ஹன்ற் ஜாக்சன் அம்மையார் காதற்கதை எழுதும் ஆசையால் அதனைத் தொடங்கியவரல்லர். அரசாங்கத்துக்கு அவர் அளித்த அறிக்கை ஒன்று கேட்பாரற்றுக் கிடந்தமையாலேயே அந்நாவல் பிறந்தது.

ஹெலன் 1830ஆம் ஆண்டு மசச்சூசெற்ஸ் மாநிலத்து அமேர்ஸ்ற் என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் அவ்வூர்க் கல்லூரியிற் பேராசிரியர். அதே ஆண்டில் அதே ஊரிற் பிறந்த மற்றொரு பெண்மகவு பின்னாளிற் கவிஞர் எமிலி டிக்கின்சன் ஆயிற்று. பதினேழு வயது நிரம்புமுன் ஹெலன் தாயையும் தந்தையையும் இழந்தார். 1852இல் எட்வேட் ஹன்ற் என்னும் இராணுவப் பொறியியலாளரை மணந்தார். முதற் குழந்தை ஓராண்டு நிறையுமுன்னே மறைந்தது. 1863இற் கணவர், கடலடியிற் செலுத்தத் தாம் அமைத்த கருவியொன்றைப் பரீட்சிக்கையில் விபத்துற்று மாண்டார். எஞ்சியிருந்த மைந்தனும் 1865இல், ஒன்பது வயதில், தொண்டைக்கரப்பானுக்கு இரையானான். முப்பத்தைந்து வயது நிரம்புமுன் பெற்றோரையும் கணவரையும் இரு மைந்தரையும் அவர் இழந்துவிட்டார்.

அதன் பின்னரே அவர் எழுதத் தொடங்கினார். துயரக் கவிதைகள், பயணக் கட்டுரைகள், சிறுகதைகள் எனப் பலவற்றை முதலெழுத்துக்களை மாத்திரம் இட்டு வெளியிட்டார். எமேர்சன் போன்ற பெரியோர் அவர் கவிதையைப் பாராட்டினர். இன்று அக்கவிதைகளைப் படிப்போர் அரியர். வீட்டை விட்டு வெளியேறாது எழுதிக் குவித்துப் பெட்டியிற் பூட்டிவைத்த டிக்கின்சனோ உலகக் கவிஞராகிவிட்டார். ஆயினும் ஒன்று சொல்லவேண்டும். அப்பெட்டிக்குள் இருந்த பொருளின் மதிப்பை அந்நாளில் அறிந்திருந்தோர் மிகச் சிலரே. அவருள் ஹெலன் ஒருவர். கவிதைகளை அச்சிடுமாறு தோழியை இடைவிடாது வற்புறுத்தினார். 1878இல் டிக்கின்சனின் பாட்டொன்று பெயரின்றியேனும் ஒரு தொகுதியில் இடம்பெற்றது அவர் முயற்சியாலேயே. தம்மிலும் பெரியாரை இனங்காணும் கண் எழுத்தாளர் எல்லோருக்கும் வாய்ப்பதன்று.

சுவாசநோய்க்கு நல்ல காற்றை நாடி 1873இற் கொலறாடோ சென்றவர், வங்கியாளரும் இருப்புப்பாதைக் கம்பெனி அதிகாரியுமான வில்லியம் ஜாக்சனை 1875இல் மணந்தார். வீடு, செல்வம், புகழ் யாவும் இருந்தன. இலட்சியம் பேசித் திரியும் பெண்களைக் கண்டு முகஞ்சுளிப்பவராகவே அதுவரை வாழ்ந்தார் என்பதை நினைவிற் கொள்ளவேண்டும். ஏனெனில் 1879ஆம் ஆண்டு பொஸ்ரன் நகரில் ஒரு மாலைக் கூட்டம் அவரை அத்தகைய பெண்களுள் முதல்வியாக்கியது.

அக்கூட்டத்திற் பேசியவர் பொங்கா இனத்துத் தலைவர் 'நிற்கும் கரடி'. நெப்ராஸ்காவிலிருந்த அவ்வினத்தவரை 1877இல் அரசாங்கம் தெற்கே பெயர்த்து அனுப்பியது. புது நிலத்தில் நோயால் மக்கள் மடிந்தனர். தலைவரின் மகனும் இறந்தான். மகனைத் தன் முன்னோர் மண்ணிற் புதைப்பதாக வாக்களித்திருந்த தந்தை, உடலைச் சுமந்துகொண்டு பனிக்காலத்தில் வடக்கே நடந்தார். அதற்காகச் சிறைப்பட்டார். செவ்விந்தியனும் சட்டத்தின் கண்ணில் ஓர் ஆளே என்று ஒமாஹா நீதிமன்றம் 1879இற் தீர்ப்பளித்து அவரை விடுவித்தது. அப்படி ஒரு தீர்ப்புத் தேவைப்பட்டது என்பதே அந்நாட்டின் அன்றைய நிலையைக் காட்டும். இரு மைந்தரைப் புதைத்த தாய் ஒருத்தி அவையில் இருந்து இவ்வரலாற்றைக் கேட்டாள். அவள் நெஞ்சு என்ன பட்டிருக்கும் என்பதை நான் விரித்துரைக்க வேண்டியதில்லை.

அதன்பின் ஹெலன் வேறொன்றையும் எண்ணவில்லை. நூலகத்திலிருந்து பழைய உடன்படிக்கைகளைத் துருவினார். அமைச்சரோடு பத்திரிகையில் வாதிட்டார். மீறப்பட்ட உடன்படிக்கைகளின் வரலாற்றை 1881இல் 'அவமானத்தின் ஒரு நூற்றாண்டு' என்ற நூலாக்கிக் காங்கிரஸ் அங்கத்தவர் ஒவ்வொருவருக்கும் தம் செலவில் அனுப்பினார். அவர்கள் அசையவில்லை. பின்னர் தென்கலிபோர்னியப் பழங்குடியினர் நிலையை ஆராய அரசாங்கம் அவரையே நியமித்தது. அபற் கின்னி என்பவரோடு ஊரூராகச் சென்று, 1883இல் அறிக்கை சமர்ப்பித்தார். உழுது பயிரிட்ட நிலத்திலிருந்து, பத்திரம் இல்லை என்ற ஒரே காரணத்தாற் குடிகள் துரத்தப்பட்டதை ஊர்வாரியாக அதிற் காட்டினார். அதையொட்டி எழுந்த மசோதா செனற் சபையிற் தேறியும் பிரதிநிதிகள் சபையில் மடிந்தது.

மூளையைத் தொட முடியாதாயின் நெஞ்சைத் தொடுவோம் எனத் துணிந்தார் போலும். அடிமைகளுக்காக 1852இல் ஹரியற் பீச்சர் ஸ்ரோ எழுதிய 'ரொம் மாமாவின் குடிசை' செய்ததை, பழங்குடியினருக்காகத் தாமும் செய்ய விரும்பினார். 1883 டிசம்பரில் நியூயோர்க் விடுதி அறையொன்றில் எழுத அமர்ந்து, அடுத்த மார்ச்சில் நாவலை முடித்தார்.

ஸ்பானியப் பண்ணையில் வளரும் கலப்பினப் பெண் றமோனா. ஆட்டு மயிர் கத்தரிக்க வரும் பழங்குடியினரின் தலைவன் அலெசாந்திரோவைக் காதலித்து உடன்போகிறாள். அவர்கள் குடியேறிய ஒவ்வோர் ஊரும் பறிபோகின்றது. வைத்தியர் வர மறுக்கக் குழந்தை இறக்கின்றது. சித்தம் பேதலித்த அலெசாந்திரோ பிறர் குதிரையைத் தன்னதென்று கொண்டுவரச் சுட்டுக் கொல்லப்படுகிறான். இவை வெறுங் கற்பனையல்ல. தெமேக்குலா ஊரவர் 1875இல் வெளியேற்றப்பட்டது உண்மை. ஹுவான் டியேகோ என்ற கவீயா இனத்தவர் 1883இல் அவ்வாறே மனைவி கண்முன் சுடப்பட்டதும், கொன்றவன் தண்டனையின்றிப் போனதும் உண்மை.

நாவல் வென்றது. முந்நூறு பதிப்புக்களுக்கு மேற் கண்டது. 1910இலிருந்து பலமுறை திரைப்படமாயிற்று. வாசகர் காதலருக்காக அழுதனர். அழுத கண்ணோடு புகைவண்டி ஏறிக் கலிபோர்னியா சென்று, றமோனா வாழ்ந்த வீடு எது, மணம்புரிந்த இடம் எது என்று வினவினர். வினவியோருக்குக் காட்டுவதற்கு வீடுகளும் கிடைத்தன. படம் போட்ட தபாலட்டைகள் விற்றன. நிலம் இழந்தோரைப் பற்றி வினவியவர் சிலரே. இதில் ஆசிரியருக்கும் ஒரு பங்குண்டு என்பேன். ஸ்பானியப் பண்ணையையும் பாதிரிமாரின் மடங்களையும் பூச்சூட்டி வருணித்துவிட்டார். அப்பண்ணைகளும் மடங்களும் பழங்குடியினரின் உழைப்பில் நின்றவை என்பது அவ்வருணனையிற் தேய்ந்துபோயிற்று. நம் இலக்கியக் கூட்டங்களில் கலை எதற்காக என்று வாதிடும் இரு கட்சியாரும் இந்நூலைத் தத்தமக்குச் சாட்சியாக அழைக்கலாம். கியூபாவின் விடுதலைக் கவிஞர் ஹோசே மார்த்தி அதில் அரசியலைக் கண்டு 1887இல் ஸ்பானியத்தில் மொழிபெயர்த்தார்.

இவற்றுட் பெரும்பாலானவற்றை ஹெலன் காணவில்லை. 1884 யூனில் மாடிப்படியில் வீழ்ந்து கால் முறிந்தது; தொடர்ந்து புற்றுநோய் கண்டது. 1885 ஆகஸ்ட் 12ஆம் நாள் சன்பிரான்சிஸ்கோவில் உயிர்நீத்தார். சில நாள் முன்னர்ப் படுக்கையிலிருந்தே ஜனாதிபதி கிளீவ்லண்டுக்குக் கடிதம் எழுதித் தம் அவமானத்தின் நூற்றாண்டைப் படிக்குமாறு வேண்டினார். நாவலைப் படிக்குமாறு வேண்டவில்லை.

அவர் கவலைப்பட்ட ஊர்களுள் ஒன்றாகிய சொபோபாவை அதன் குடிகளுக்கே உரித்தாகக் கலிபோர்னிய உயர்நீதிமன்றம் 1888இல் நிலைநாட்டியது. அம்மக்களுக்கு நிலம் ஒதுக்கும் சட்டம் 1891இல் நிறைவேறிற்று. கொலறாடோ மலைச்சாரலில் அருவியருகே அடக்கம் செய்யப்பட்டிருந்த அம்மையாரின் உடலை, வேடிக்கை பார்ப்போர் கூட்டம் மிகுந்தமையால், கணவர் எடுத்துச் சென்று ஊர் மயானத்திற் புதைத்ததும் அதே ஆண்டில்.