திருகோணமலையில் அநாதையான இளவரசி

குசுமாசன தேவி என்ற பெயரை நான் முதலில் படித்தது முதலாம் விமலதர்மசூரிய மன்னனின் மனைவியாகத்தான். பரீட்சைக்கு அது போதுமாக இருந்தது. அவருடைய கதை எங்கள் திருகோணமலையில்தான் திசை மாறியது என்பதை மிகப் பிந்தித்தான் அறிந்தேன். அதன் பிறகு கப்பல்துறை தாண்டிக் கண்டி வீதியில் பஸ் போகும்போதெல்லாம் அந்தக் குழந்தையின் நினைவு வரும்.

தந்தை கண்டி மன்னன் கரலியத்தே பண்டார. சீதாவாக்கை அரசன் முதலாம் இராஜசிங்கன் கண்டியைப் பிடித்தபோது, மனைவியையும் கைக்குழந்தையையும் மருமகன் யமசிங்க பண்டாரவையும் கூட்டிக்கொண்டு அவன் திருகோணமலைக்கு ஓடி வந்தான். வாளுக்குத் தப்பியவனை அம்மை நோய் விடவில்லை. மன்னனும் அரசியும் இங்கேயே இறந்தார்கள். மிஞ்சியது அந்தப் பெண் குழந்தையும் யமசிங்கவும்.

போர்த்துக்கேயர் பிள்ளையை மன்னாரில் வளர்த்தார்கள். தோனா கத்தரீனா என்பது அவர்கள் வழங்கிய பெயர். பரிவு இருந்திருக்கலாம், ஆனால் கணக்கும் இருந்தது. கண்டியின் வாரிசு கையில் இருந்தால் கண்டியே கையில் இருப்பதாக அவர்கள் எண்ணினார்கள்.

முதலில் யமசிங்கவை தொன் பிலிப் என்ற பெயரில் அரசனாக்க அனுப்பினார்கள். அவன் விரைவில் இறந்தான். கூடப் போன கொனப்பு பண்டார போர்த்துக்கேயரை விரட்டிவிட்டு விமலதர்மசூரியன் என்ற பெயரில் தானே முடிசூடினான். 1594 இல் பேத்ரோ லோப்பஸ் டி சூசா, பதின்ம வயதிலிருந்த இளவரசியோடு பெரும் படை நடத்திக் கண்டிக்குள் நுழைந்தான். மக்கள் தங்கள் அரசியைக் காண ஆவலாக இருந்தார்கள். ஆனால் அவரைச் சுற்றி நின்றவர்கள் எல்லாம் அந்நியர். படையில் இருந்த ஜயவீர பண்டார அவரை மணக்க விரும்பினான். அவன் துரோகி என்று சந்தேகித்துப் போர்த்துக்கேயர் கொன்றதும் உள்ளூர் வீரர்கள் கலைந்து போனார்கள். தந்துறையில் படை அழிந்தது. வென்ற விமலதர்மசூரியன் இளவரசியைப் பிடித்து மணந்துகொண்டான். வாளால் பெற்ற சிங்காசனத்துக்கு உரிமை அந்தத் திருமணத்தால்தான் வந்தது.

இதே காலத்தில் இங்கிலாந்தில் முதலாம் எலிசபெத் ஆண்டார். ஸ்கொட்லாந்தின் மேரியும் நம் இளவரசியைப் போலக் குழந்தையிலேயே வாரிசாகி அந்நிய நாட்டில் வளர்ந்தவர். எலிசபெத்தின் அரியணைக்கு உரிமை உள்ளவர் என்பதே அவருக்குக் குற்றமாகி, பத்தொன்பது ஆண்டுகள் காவலில் இருந்து 1587 இல் தலை இழந்தார். கணவன் வந்தால் ஆட்சி அவன் கைக்குப் போகும் என்று எலிசபெத் மணமே செய்யவில்லை என்பார்கள். எலிசபெத்துக்கு வேண்டாம் என்று சொல்லும் இடமாவது இருந்தது. குசுமாசன தேவிக்கு அது கிடைக்கவில்லை.

1602 இல் ஒல்லாந்தக் கப்பல் தலைவர் ஸ்பில்பேர்கன் கண்டிக்கு வந்தபோது, அரசியையும் பிள்ளைகளையும் ஐரோப்பிய உடையில் கண்டார். மன்னாரில் பழகியது மாறவில்லை போலும். அடுத்த ஆண்டு டி வேர்ட் என்ற இன்னொரு ஒல்லாந்தர் மன்னனிடம் அரசியைப் பற்றித் தகாத சொல் சொல்லி, அந்த இடத்திலேயே உயிரை விட்டார்.

1604 இல் கணவன் இறந்தான். உடனே அரசுக்குப் போட்டி. செனரத்தும் ஊவா இளவரசனும் மோதினார்கள். ஊவா இளவரசனைக் கொன்று, செனரத் அரசியை மணந்தான். கிழக்கில் நமக்கு அந்தப் பெயர் அந்நியமல்ல. 1626 இல் போர்த்துக்கேயர் விரட்டிய முஸ்லிம்களை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றிய மன்னன் இவன்தான். ஆனால் அரசியின் வாழ்வில் அவனுக்கு வேறு முகம். முதல் கணவனுக்குப் பிறந்த மூத்த மகன் இறந்தபோது செனரத் மீது சந்தேகப் பேச்சு எழுந்தது. அந்தத் துயரத்தில் படுத்த தாய் 1613 இல் கண்மூடினார். அப்போது அவருக்கு வயது நாற்பதைத் தொடவில்லை.

செனரத்துக்குப் பிறந்த மகன்தான் இரண்டாம் இராஜசிங்கன். போர்த்துக்கேயர் இங்கே கோட்டை கட்டியது அரசி இறந்து பத்தாண்டுகளுக்குப் பிறகு. 1639 இல் அந்த மகனோடு கூட்டுச் சேர்ந்த ஒல்லாந்தர் அதைப் பிடித்தார்கள். அவருடைய தாய் பெற்றோரை இழந்த அதே திருகோணமலையில்.