தாதாசாகேப் பால்கே

மராட்டிய நாட்டில் நாசிக் நகருக்கு அண்மையில் திரியம்பகம் என்னும் திருத்தலம் உள்ளது. அங்கு 1870ஆம் ஆண்டு ஏப்பிரல் 30ஆம் நாள் துண்டிராஜ கோவிந்த பால்கே பிறந்தார். அவரை மக்கள் தாதாசாகேப் என்று அன்புடன் அழைத்தனர். வடமொழிப் புலவரின் மைந்தராகிய அவர் ஓவியம், புகைப்படம், அச்சுத்தொழில் ஆகியவற்றில் தேர்ச்சி பெற்றார்.

1911ஆம் ஆண்டு பம்பாயில் இயேசு பெருமானின் வரலாற்றைக் காட்டும் திரைப்படம் ஒன்றை அவர் கண்டார். நம் நாட்டுப் புராணக் கதைகளும் இங்ஙனம் திரையில் தோன்றவேண்டும் என்னும் வேட்கை அவருள்ளத்தில் எழுந்தது. அன்று முதல் உறக்கத்தையும் குறைத்துப் படங்களையே பார்த்து ஆராய்ந்தார். அதனால் கண்கள் நலிந்து, சிலகாலம் பார்வையையே இழந்தார். மருத்துவத்தால் கண் தெளிந்ததும், ஆயுள் காப்பீட்டுப் பத்திரங்களை ஈடு வைத்துப் பொருள் திரட்டி, 1912இல் இலண்டன் சென்று படக்கலை பயின்று மீண்டார்.

படக்கருவியை வாங்கியாயிற்று, படமெடுக்கவோ பொருளில்லை. வாய்ச்சொல்லை நம்பிப் பணம் தருவார் யார்? பால்கே ஒரு தொட்டியில் பட்டாணி விதையை ஊன்றினார். அதன் எதிரே கருவியை நிறுத்தி, நாளொன்றுக்கு ஒரு படமாக ஒரு திங்களுக்கு மேல் எடுத்தார். அப்படங்களைத் தொடர்ந்து ஓட்டியபோது, விதை முளைத்துக் கொடியாகப் படர்வதை ஒரு நிமிடத்தளவில் கண்டு யாவரும் வியந்தனர். அதன்பின் கடன் கிடைத்தது. மனைவியார் சரசுவதிபாயும் தம் அணிகலன்களை மனமுவந்து ஈந்தார். படச்சுருளில் துளையிடுதல் முதலிய பணிகளையும் மேற்கொண்டார். இவ்வாறு உருவான 'அரிச்சந்திரன்' படம் 1913ஆம் ஆண்டு மே 3ஆம் நாள் பம்பாயில் வெளிவந்தது.

உயிரற்ற பொருளுக்கு உயிரூட்டும் கலையையும் பால்கே கையாண்டார். பிரான்சு நாட்டு எமீல் கோல் என்பார் 1908இல் தீக்குச்சிகளை இயங்கச் செய்து படமெடுத்திருந்தார். சில ஆண்டுகளின் பின் பால்கேயும் தீக்குச்சிகளைக் கொண்டு ஒரு விளையாட்டுப் படம் எடுத்தார். குச்சியைச் சிறிது நகர்த்தி ஒரு படம், மேலும் சிறிது நகர்த்தி மற்றொரு படம் என எடுத்து ஓட்டினால், குச்சி தானே நடப்பதுபோலத் தோன்றும். ஒரு நொடிக் காட்சிக்கே ஏறத்தாழ 16 படங்கள் வேண்டும். எத்துணைப் பொறுமை இதற்கு இன்றியமையாதது!

1917இல் வந்த 'இலங்கை தகனம்' பெரும்புகழ் பெற்றது. சென்னையில் அதற்குச் சேர்ந்த நாணயங்களை மாட்டுவண்டியில் காவலுடன் கொண்டுசென்றனர் என்பர். ஆயினும், கூட்டாளிகளுடன் கருத்து வேறுபாடு கொண்டு அவர் தொழிலை விட்டு விலகவும் நேர்ந்தது. பேசும்படக் காலத்தில் 1937இல் 'கங்காவதரணம்' எடுத்தார். அதன்பின் ஓய்ந்திருந்து, 1944ஆம் ஆண்டு பிப்ரவரி 16ஆம் நாள் நாசிக்கில் காலமானார்.

அவர் பெயரால் இந்திய அரசு 1969 முதல் விருது வழங்கலாயிற்று. தமிழகத்தின் சிவாஜி கணேசனும் பாலசந்தரும் அதனைப் பெற்றனர். கண்ணையும் பொருளையும் பணயம் வைத்து அன்று பால்கே ஊன்றிய ஒரு விதையே இன்று இந்தியத் திரைக்கலை என்னும் பெருமரமாகத் தழைத்துள்ளது. நாள்தோறும் சிறிது செய்வோர் பெரிதும் செய்து முடிப்பர் என்பதற்கு அவர் வாழ்வே சான்றாகும்.