கடற்படைத் தலைவர் டோகோ

ஜப்பான் தேசத்துக் ககோஷிமாவில் 1848-ல் தோன்றி, இங்கிலாந்தில் மாலுமிக் கலை பயின்ற டோகோவின் கீர்த்தியை அறியாத நேயர் அரியர். ஆயினும் 1905 மே 27 அன்று, பால்டிக் கடலினின்று நெடுந்தொலை வந்த ருஷியப் படையை முதலிற் கண்டது அவருடைய பெரும் போர்க்கப்பல்களில் ஒன்றன்று. பிரயாணிகளை ஏற்றி வந்து, யுத்தத்தின் பொருட்டுத் துணைக்கப்பலாக்கப்பட்ட ஷினானோ மாரு என்பதே. ருஷியரின் வைத்தியக் கப்பலொன்று அணையாதிருந்த விளக்குகளால் அதற்குப் புலப்பட்டது. கம்பியில்லாத் தந்தி சென்றது. மறுநாளைக்குள் ருஷியப் படையிற் பெரும்பகுதி மூழ்கியோ பிடிபட்டோ போயிற்று. ஜப்பானியர் இழந்தவை 3 டார்பிடோப் படகுகளே.

காயமுற்றுச் சிறைப்பட்ட ருஷியத் தளபதியை டோகோ வைத்தியசாலைக்கே சென்று கண்டு தேற்றினார். இதனை அவ்வெற்றியினும் பெரிதென யாம் மதிக்கின்றோம்.

போரில் மூழ்காத அவரது மிகாசா கப்பலோ, சமாதானம் கையெழுத்தான சின்னாளில் துறைமுகத்திலேயே வெடித்து மூழ்கி, பலரைப் பலிகொண்டது. மீட்கப்பெற்ற அஃது இன்று யோகோசுகாவில் காட்சிப்பொருளாய் நிற்கின்றது. டோகோ 1934-ல் காலமாயினார்.