வசனத்துக்கு மதிப்புத் தேடித் தந்தவர்

சினிமாக் கொட்டகையில் விளக்கு அணைந்ததும் 'கதை - வசனம்' என்று ஒருவர் பெயர் திரையில் விழுகிறது. அந்தப் பெயருக்காகவே கைதட்டல் எழுந்த காலமும் உண்டு. தமிழ்ப் படங்களில் வசனகர்த்தாவுக்கு அந்த மரியாதையை முதலில் தேடித் தந்தவர் இளங்கோவன்.

இவருடைய இயற்பெயர் தணிகாசலம். திருத்தணி முருகன் பெயர். 1960 வரை சித்தூர் மாவட்டத்தில் இருந்த அதே திருத்தணிதான்! 'மணிக்கொடி', 'தினமணி' பத்திரிகைகளில் எழுதிப் பழகியவர் இவர்.

1931-ல் தமிழ்ப் படம் பேசத் தொடங்கியபோது பாட்டுக்குத்தான் மவுசு. பேச்சு, பாட்டுக்கு நடுவே வந்து போகும் ஒட்டுத்துணி. அதுவும் வடமொழி கலந்த நாடக மேடை நடை.

1937-ல் 'அம்பிகாபதி' வந்தது. டைரக்டர் எல்லிஸ் டங்கன் அமெரிக்கர், தமிழ் தெரியாதவர். ஷேக்ஸ்பியரின் ரோமியோ - ஜூலியட் காதல் காட்சிகளை அவர் எடுத்துக்காட்ட, இளங்கோவன் அவற்றைத் தமிழ் மணக்க எழுதினார். பாகவதர் பாட்டுக்குப் போன கூட்டம் வசனத்தையும் காது கொடுத்துக் கேட்டது.

1941-ல் 'அசோக்குமார்'. பாகவதர் குணாளன், சக்கரவர்த்தி அசோகராக நம் சித்தூர் வி. நாகையா. மறு ஆண்டு 'கண்ணகி'. பாண்டியன் சபையில் நீதி கேட்டுச் சீறிய கண்ணாம்பாவின் தாய்மொழி தெலுங்கு. தமிழ் வசனத்தைத் தெலுங்கு எழுத்தில் எழுதி வைத்து நெட்டுருப் போட்டே அவர் பேசினார். பிள்ளைகள் தெலுங்குப் பள்ளியில் படிக்கும் இந்தப் பக்கத்துத் தமிழர் வீடுகளுக்கு அந்தப் பாடு புரியும்.

'சிவகவி', 'ஹரிதாஸ்' படங்களுக்கும் இவரே வசனம். 1944 தீபாவளிக்கு வந்த 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது.

பிறகு காற்று திசை மாறியது. 1949-ல் அண்ணாவின் 'வேலைக்காரி', 1952-ல் கருணாநிதியின் 'பராசக்தி'. அடுக்குமொழியும் அரசியலும் சேர்ந்த புது வசனம் கொட்டகையை அதிர வைத்தது. இளங்கோவனுக்கு வாய்ப்புகள் குறைந்தன.

வசனம் எழுதியவர்கள் நாடாளும் காலமும் வந்தது. 1967-ல் அண்ணா முதலமைச்சர், 1969-ல் கருணாநிதி. அந்தப் பாதைக்கு முதல் கல் போட்ட இளங்கோவன் 1971-ல், பெரிய ஆரவாரம் ஏதுமின்றிக் காலமானார்.

டி.வி.யில் பழைய 'கண்ணகி' போட்டால், எழுத்து ஓடும்போது எழுந்து போய்விடாதீர்கள். அதில் அவர் பெயர் வரும்.